அறுபத்தோராம் காட்சி

ஜனவரி 9

தம்பிக்கு,

உன் தயாரிப்பாளர் ஆபீசிலிருந்து வந்த தடித்த உறை முந்தாநாள் கிடைத்தது. உள்ளே உன் படத்தின் திரைக்கதை, நூற்றுப் பதினெட்டுப் பக்கம். கூடவே நான் கையெழுத்துப் போட வேண்டிய சம்மதப் பத்திரம். 'இக்கதையில் வரும் எழுத்தாளர் என்ற பாத்திரம் என்னை ஒத்திருப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை' என்று நான் சொல்ல வேண்டுமாம். ஆட்சேபம் இருக்கிறது.

போனில் கூப்பிடாதே. நாலு தடவை அடித்தாய், பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். போனில் நீ பேச்சை மாற்றிவிடுவாய், நானும் உன் முதுகுவலி எப்படி இருக்கிறது என்று கேட்டுக் கரைந்துவிடுவேன். கடிதமாக எழுது. நான் அப்படிச் சொல்லவே இல்லை என்று நாளைக்கு யாரும் சாதிக்க முடியாது.

சிரிக்கவும் வைத்து அழவும் வைக்கிற படம் என்று முதல் பக்கத்தில் போட்டிருக்கிறாய். ஓர் அக்காவும் தம்பியும் சேர்ந்து டிவிக்கு ஒரு நகைச்சுவைத் தொடர் எடுக்கிறார்கள். அக்கா எழுதுகிறாள், தம்பி இயக்குகிறான். லிஃப்ட் ஓடாத கட்டடத்தின் மூன்றாம் மாடியில் ஒரு குடும்பம். தொடர் பிய்த்துக்கொண்டு ஓடுகிறது, விருது வாங்குகிறது. பிறகு ஒரு நாள் அக்கா எழுதுவதை நிறுத்திவிடுகிறாள், தொடர் படுத்துவிடுகிறது. சந்தேகமே இல்லை, நம் 'லிஃப்ட் வேலை செய்யாது' தொடர்தான். தொடரின் பெயரை 'மாடிப்படி' என்று மாற்றிவிட்டால் யாருக்கும் தெரியாதா?

அதுவரைக்கும் சரி, நடந்ததுதான். ஆனால் அறுபத்தோராம் காட்சி! லிஃப்ட் ரிப்பேர்காரனாக நடித்தவனை நான் காதலித்தேனாம். அவனுக்கு வேறு இடத்தில் நிச்சயமாகிவிட்டதாம். நான் அழுதுகொண்டே காகிதங்களை அவன் முகத்தில் வீசிவிட்டு மழையில் நடந்து போகிறேனாம். அந்த ஆளிடம் இரண்டு வருஷத்தில் நான் பேசிய மொத்தப் பேச்சே "வசனத்தை மாத்தாதீங்க" என்பதுதான். நாளுக்கு ஒன்பது தடவை கண்ணாடி பார்க்கிற ஜென்மம் அது. அவனுக்காகவா நான் வேலையை விட்டேன்? ஐம்பது வயதில் எனக்கு இது தேவையா?

பத்திரத்தைக் கையெழுத்தில்லாமல் திருப்பி அனுப்பியிருக்கிறேன்.

அக்கா


ஜனவரி 15

அக்கா,

உறை வந்தது. நீ மடித்த மடிப்பிலேயே உன் கோபம் தெரிந்தது. காகிதம் கிழியாதது அதிசயம்.

முதலில் ஒன்று. அது நீ இல்லை. அது ஒரு 'பாத்திரம்'. சரி, கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு அதையே தேடுகிற பாத்திரம், பேனா மூடியைக் கடிக்கிற பாத்திரம். உலகத்தில் ஆயிரம் பேர் கடிக்கிறார்கள்.

இரண்டாவது, அந்தக் காதல். எனக்கு மட்டும் அது பிடித்திருக்கிறதா? வேறு என்ன எழுதச் சொல்கிறாய்? பதினோரு வருஷத்துக்கு முன்னால், ஒரு புதன்கிழமை காலை, எண்பத்தேழாவது வாரக் கதைக்காக நாற்பது பேர் செட்டில் காத்திருந்தோம். விளக்கெல்லாம் போட்டாயிற்று. தொடரில் அம்மாவாக நடித்த நம் டிவி அம்மா மேக்கப்போடு உட்கார்ந்திருக்கிறார். உன்னிடமிருந்து வந்தது ஒரு துண்டுக் காகிதம். 'இனி எழுத முடியாது.' மூன்றே வார்த்தைகள் என்றுகூடச் சொல்ல முடியாது, அதில் ஒன்று 'இனி'.

அன்றைக்கே ஓடி வந்து கேட்டேன். சொல்லவில்லை. அடுத்த வாரம் வேறு ஆளை வைத்து எழுதினோம், பார்க்கிறவர்கள் காறித் துப்பினார்கள். ஆறு வாரத்தில் மூடிவிட்டார்கள். அதற்குப் பிறகு நான் ஏறி இறங்காத ஆபீஸ் கிடையாது. "அந்த லிஃப்ட் தொடர் நடுவுல நின்னுச்சே, அதோட டைரக்டர்தானே?" என்று கேட்டுவிட்டு டீ கொடுத்து அனுப்புவார்கள். நாற்பத்தாறு வயதில் முதல் படம் கிடைத்திருக்கிறது. அந்தக் கதையில் ஓர் ஓட்டை, நீ போட்டது. அதை ஏதாவது வைத்து நான் அடைக்க வேண்டும். நீ காரணத்தைச் சொல், லிஃப்ட்காரனை நாளைக்கே தூக்கிவிடுகிறேன்.

புதுப் பத்திரம் வைத்திருக்கிறேன். பிப்ரவரி மூன்றாம் தேதி படப்பிடிப்பு. காலில் விழுகிறேன் என்று வைத்துக்கொள்.

தம்பி


ஜனவரி 22

தம்பிக்கு,

நீ பட்டதெல்லாம் எனக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருந்தேன், அவ்வளவுதான்.

நானும் சும்மா இல்லை. வாஷிங் மெஷின் கம்பெனியில் கையேடு எழுதுகிறேன். 'முதலில் மின் இணைப்பைத் துண்டிக்கவும். ஈரக் கையால் தொட வேண்டாம்.' அதைப் படித்து யாரும் சிரிப்பதில்லை, யாரும் புண்படுவதும் இல்லை. எனக்கு அது போதும்.

நான் ஏன் விட்டேன் என்பது என்னோடு இருக்கட்டும். உன் படத்துக்கு ஓட்டை இருக்கிறது என்பதற்காக என்னைக் கிழித்து ஒட்டுத்துணி எடுக்க முடியாது. லிஃப்ட்காரன் போனாலும் கையெழுத்து கிடையாது. படத்தில் எழுத்தாளரே வேண்டாம். தம்பியே எழுதினான் என்று வைத்துக்கொள். நீதான் எப்போதும் அப்படிச் சொல்லிக்கொள்வாயே.

அக்கா


பிப்ரவரி 10

அக்கா,

கடைசி வரி தேவையில்லாதது. ஒரே ஒரு பேட்டியில் சொன்னேன், அதுவும் அந்தப் பத்திரிகைக்காரர் மாற்றிப் போட்டது. போகட்டும்.

படப்பிடிப்பு தொடங்கிவிட்டது. அறுபத்தோராம் காட்சியை மட்டும் கடைசிக்குத் தள்ளி வைத்திருக்கிறேன். நம் பழைய செட்டை அப்படியே போட்டிருக்கிறார்கள். மூடிய லிஃப்ட் கதவு, அதில் தொங்குகிற அட்டை, சமையலறையில் அந்தக் குண்டு ஃப்ரிட்ஜ். கலை இயக்குனர் அதை எங்கிருந்தோ தேடிப் பிடித்துவிட்டார். உள்ளே ஒன்றும் வேலை செய்யாது, கதவைத் திறந்தால் கரப்பான். ஆனாலும் அதைப் பார்த்ததும் செட்டில் எல்லோரும் டிவி அம்மாவின் வசனத்தை ஒரே குரலில் சொன்னார்கள்: "உனக்கென்ன, ஜில்லுன்னு நின்னுட்டிருக்க! நான்தான் வேகறேன்!" பதினோரு வருஷம் ஆகிறது. அப்போது பள்ளிக்கூடம் போன பிள்ளைகள் இப்போது கேமரா பிடிக்கிறார்கள், அவர்களுக்கும் அந்த வசனம் மனப்பாடம். உனக்குச் சந்தோஷமாக இருக்கும் என்று நினைத்து எழுதுகிறேன்.

இப்போது தலைவலி. உன் வேஷம் போடுகிற நடிகை, சரி, 'எழுத்தாளர்' வேஷம் போடுகிறவர், நேற்று திரைக்கதையைக் கொண்டுவந்து என் மடியில் வைத்தார்.

"சார், இந்தப் பொண்ணு அறுபது காட்சி வரைக்கும் வேற ஆளா இருக்கா. அறுபத்தொண்ணுல வேற யாரோ வந்து அழுதுட்டுப் போறாங்க. எனக்கு வரல சார்."

"சும்மா அழுங்க, மழையில தெரியாது" என்றேன். எழுந்து வேனுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். மதியம் வரைக்கும் வரவில்லை. தயாரிப்பாளர் என்னை ஓரமாகக் கூப்பிட்டு, இருபத்தைந்தாம் தேதிக்குள் கையெழுத்தும் வர வேண்டும், காட்சியும் உருப்பட வேண்டும், இல்லையென்றால் வேறு டைரக்டரைப் பார்த்துக்கொள்கிறேன் என்று சிரித்துக்கொண்டே சொன்னார். அவர் சிரித்தால்தான் நான் பயப்பட வேண்டும்.

உனக்கு இரக்கமே இல்லையா?

தம்பி


பிப்ரவரி 14

தம்பிக்கு,

அந்த ஃப்ரிட்ஜ் வசனத்தை எனக்கு எழுதாதே.

அம்மாவிடம் இந்தப் படத்தைப் பற்றி மூச்சு விடாதே. அவன் என்ன எடுக்கிறான் என்று கேட்டாள், ஏதோ சோப்பு விளம்பரம் என்று சொல்லிவைத்திருக்கிறேன்.

அக்கா


பிப்ரவரி 19

அக்கா,

சோப்பு விளம்பரமா? நாற்பத்தாறு வயதில் முதல் படம் எடுக்கிறேன், பெற்ற தாயிடம் சோப்பு விற்கிறான் என்று சொல்லிவைத்திருக்கிறாய். எதற்கு? நான் பெரிய ஆளாகிவிட்டேன் என்று அம்மா சந்தோஷப்பட்டுவிடக் கூடாதா?

நீ நிறுத்தியதிலிருந்து பார்க்கிறேன். தொடரைப் பற்றி யாராவது பேச்செடுத்தால் அம்மா இருக்கிற அறையிலிருந்து அவர்களைக் கிளப்பிவிடுவாய். மறு ஒளிபரப்பு வந்தபோது டிவி ஒயரைப் பிடுங்கினாய். நான் அம்மாவைப் பார்க்க வரும்போதெல்லாம் நீ ஆபீசில் இருக்கிற நேரமாகப் பார்த்து வருகிறேன், எதற்கு? உன் முகத்தைப் பார்த்தால் நான் ஏதோ தப்புச் செய்தவன் மாதிரி ஆகிவிடுகிறது. தப்புச் செய்தது நீ. நடுவில் விட்டுவிட்டு ஓடினது நீ. நாற்பது பேர் வேலை போச்சு. ஒரு வாய் வார்த்தை, மன்னிச்சுக்கோ என்று ஒரு வார்த்தை, வந்ததா?

நான் அம்மாவிடமே சொல்லப்போகிறேன். மாதக் கடைசியில் ஒரு நாள் வந்து, திரைக்கதையை மடியில் வைத்து, முழுக்கப் படித்துக் காட்டப்போகிறேன்.

தம்பி


பிப்ரவரி 24

தம்பிக்கு,

சொல்லிவிடுகிறேன். இது உனக்கு, உன் படத்துக்கு இல்லை. படித்துவிட்டு வந்து அம்மா முன்னால் உட்கார முடியுமா என்று பார்.

டிவி அம்மா பேசிய வசனங்கள் எங்கிருந்து வந்தன என்று உனக்குத் தெரியும். நம் அம்மா சமையலறையில் சாமான்களோடு பேசுவாள். குழாய் சொட்டினால், "சொட்டுச் சொட்டா அழாத. அழறதுன்னா ஒரேடியா அழுதுட்டுப் போ." குக்கர் விசில் அடித்தால், "கத்தாத, எனக்கும் கத்தத் தெரியும்." அப்பா போன பிறகு ஆரம்பித்த பழக்கம். வீட்டில் பேசுவதற்கு வேறு யார் இருந்தார்கள்? நீயும் நானும் சேனல் ஆபீசில் கிடந்தோம். சனிக்கிழமை காலையில் நான் கதவுக்கு வெளியே நோட்டோடு நிற்பேன். அவள் பேசுவாள், நான் எழுதுவேன். செவ்வாய்க்கிழமை அதை நீ டிவி அம்மாவுக்குச் சொல்லிக் கொடுப்பாய். நம் அம்மா கையை இடுப்பில் துடைத்துவிட்டு விரலை நீட்டித் திட்டுவாளே, அதைச் சொல்லிக் கொடுத்ததும் நீதான். அம்மாவிடம் நாம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அது அவள்தான் என்று அவளுக்குத் தெரியாது என்றே நினைத்துக்கொண்டோம்.

விருது வாங்கிய மறு வாரம் சனிக்கிழமை. நான் நிற்கிறேன். குக்கர் விசில் அடித்தது. அம்மா குக்கரைப் பார்த்தாள், கதவைப் பார்த்தாள், அடுப்பை அணைத்தாள். ஒரு வார்த்தை இல்லை. குழாய் சொட்டியது. ஒரு துணியை எடுத்து அடியில் போட்டாள், சத்தம் நின்றது. அடுத்த சனிக்கிழமையும் அப்படியே. அதற்கடுத்ததும். நம்மோடு சாதாரணமாகப் பேசினாள், சாப்பிட்டியா, குடை எடுத்தியா எல்லாம். ஆனால் சமையலறையில் ஊமை.

அந்த மாதத்தில்தான் ஒரு நாள் அவளோடு கடைக்குப் போனேன். தெருமுனைக் கடைக்காரர் அம்மாவைப் பார்த்து, "என்னம்மா, ஜில்லுன்னு நிக்கிறீங்க!" என்று சிரித்தார். கடையில் நின்றவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். அம்மா பையை மார்போடு பிடித்துக்கொண்டு வீட்டுக்கு வரும்வரை வாய் திறக்கவில்லை. அப்போது எனக்குப் புரிந்தது. தன் சொந்தச் சமையலறையில் வாய் திறக்கப் பயந்துபோய் நிற்கிற நிலைமைக்கு நான் அவளைக் கொண்டுவந்துவிட்டேன்.

அதற்கு மேல் நானாக எழுதிப் பார்த்தேன். மூன்று வாரம். ஞாபகம் இருக்கிறதா, டிவி அம்மா உன்னிடம் வந்து, "இது அவங்க பேசற மாதிரி இல்லையே" என்றாரே. சரியாகத்தான் சொன்னார். எனக்கு எழுத வராது, திருடத்தான் வரும் என்று தெரிந்துபோன நாள் அது. அதன் பிறகுதான் அந்தத் துண்டுக் காகிதம்.

உன்னிடம் சொன்னால் உனக்கும் அதில் பாதிப் பங்கு என்று ஆகிவிடும். விரலை நீட்டச் சொல்லிக் கொடுத்தவன் நீ. எனக்கு மனசு வரவில்லை. திட்டு வாங்கிக்கொள்வது சுலபமாக இருந்தது.

பதினோரு வருஷமாக நம் வீட்டுச் சமையலறையில் அவள் குரல் இல்லை. குக்கர்தான் கத்துகிறது.

அக்கா


மார்ச் 2

அக்கா,

செட்டில் நின்றுகொண்டே படித்தேன். படித்து முடித்ததும் இடைவேளை என்று சொல்லிவிட்டு அந்த லிஃப்ட் கதவுக்குப் பின்னால் போய் உட்கார்ந்தேன். பின்னால் ஒன்றும் கிடையாது, வெறும் பலகையும் ஆணியும்தான்.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், நீ என்னை அடித்தாலும் சரி. அழுதுகொண்டிருக்கும்போதே எனக்குள் இன்னொருவன், இதுதான்டா அறுபத்தொன்று என்று சொல்லிக்கொண்டிருந்தான். அன்றைக்கே எழுதிவிட்டேன். குக்கர், குழாய், துணி. அந்த நடிகையிடம் கொடுத்தேன். படித்துவிட்டு, "இது நிஜம்தானே சார்?" என்றார். நான் காகிதத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டேன்.

படமாக்கவில்லை, சத்தியமாக இல்லை. தயாரிப்பாளர் கொடுத்த கெடு முடிந்துவிட்டது, கெஞ்சி இன்னும் பதினைந்து நாள் வாங்கியிருக்கிறேன். செவ்வாய்க்கிழமை, பத்தாம் தேதி, அம்மாவைப் பார்க்க வருகிறேன். முதலில் மன்னிப்பு. படத்தைப் பற்றிப் பேச வாய் வருமா என்று அப்புறம் பார்க்கிறேன்.

தம்பி


மார்ச் 6

தம்பிக்கு,

வராதே. ஆறிக் கிடப்பதைக் கிளறாதே. மன்னிப்புக் கேட்கிறேன் என்று வந்து, அவள் முகம் எப்படிப் போகிறது என்று பார்த்து அதையும் எடுத்துக்கொண்டு போவாய். உன்னை எனக்குத் தெரியும். என்னையே எனக்குத் தெரியும்.

அக்கா


மார்ச் 12

அக்கா,

உன் கடிதம் நான் திரும்பி வந்த பிறகுதான் கைக்குக் கிடைத்தது. அதற்குள் எல்லாம் நடந்துவிட்டது. உட்கார்ந்துகொண்டு படி.

நான் போனபோது அம்மா வாசலில் செருப்புகளை வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தாள். "என்னடா, சோப்பு வித்துச்சா?" என்றாள். நான் அவள் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்தேன். ரயிலில் ஒன்பது மணி நேரமாகத் தயார் செய்த பேச்சு. பாதியிலேயே அழுதுவிட்டேன். அக்கா கதவுக்கு வெளியே நோட்டோடு நின்றாள், உனக்குத் தெரியாமல் உன் பேச்சையெல்லாம் எடுத்தோம், அதனால்தானே நீ பேசுவதை நிறுத்தினாய் என்று என்னென்னவோ சொன்னேன்.

அம்மா ஒரு செருப்பை நேராக்கி வைத்தாள். "நோட்டா? அது முதல் மாசமே எனக்குத் தெரியும்டா" என்றாள்.

"எப்படி?"

"கதவுக்குக் கீழ அவ நிழல் விழும். பேனா மூடியைக் கடிக்கிற சத்தம் கேக்கும். அவ நிக்கிறான்னு தெரிஞ்சா நான் கொஞ்சம் சேத்துத்தான் பேசுவேன்."

"சேத்துன்னா?"

"ஃப்ரிட்ஜைத் திட்டினேன் இல்ல? ஜில்லுன்னு நின்னுட்டிருக்கன்னு. அது ரெண்டு நாள் யோசிச்சு வெச்சது. வெள்ளிக்கிழமையே தயாரா இருந்துச்சு. சனிக்கிழமை அவ வந்து நிக்கட்டும்னு காத்திருந்தேன்."

கடைக்காரர் விஷயத்தைக் கேட்டேன். அவரிடம் கோபமே இல்லையாம். அவர் சிரித்ததும், அது நான் சொன்னது என்று சொல்லிவிடலாமா வேண்டாமா என்று வீடு வரைக்கும் யோசித்துக்கொண்டே வந்தாளாம். அதனால்தான் பேசவில்லையாம்.

"அப்புறம் ஏம்மா நிறுத்தின?"

செருப்பை விட்டுவிட்டுக் கையைக் கழுவப் போனாள். அங்கிருந்தே, முதுகைக் காட்டிக்கொண்டு பேசினாள்.

"விருது குடுத்தாங்களே, அன்னிக்கு நல்ல புடவை கட்டிட்டு டிவி முன்னாடி உக்காந்திருந்தேன். எதிர்வீட்டு அம்மாவையும் கூப்பிட்டு வெச்சிருந்தேன். நீங்க ரெண்டு பேரும் மேடையில ஏறினீங்க. லைட் போடறவர் பேரைச் சொன்னீங்க. டிரைவர் பேரைச் சொன்னீங்க. டீ போடறவரைக்கூட மறக்கல. நல்ல பிள்ளைங்கதான். எதிர்வீட்டு அம்மா என் மூஞ்சியைப் பாத்தாங்க. நான் தண்ணி குடிக்கப் போறேன்னு எழுந்து வந்துட்டேன்."

அக்கா, அது வேலைநிறுத்தம். பயம் இல்லை, அவமானம் இல்லை. அம்மா நம் மேல் வேலைநிறுத்தம் செய்திருக்கிறாள்.

"ஏம்மா பேசலைன்னு அவ வந்து கேப்பான்னு பாத்தேன். ஒரு வாரம், ரெண்டு வாரம். கேட்டா சொல்லணும்னு எல்லாம் வெச்சிருந்தேன். அவ கேக்கல. வேலையையே விட்டுட்டு வந்து நின்னா."

"அப்பவாவது சொல்லியிருக்கலாமே!"

"எதைடா சொல்றது? என் பேரைச் சொல்லலன்னு கோவிச்சுக்கிட்டேன்னா? உனக்கு வேலை போச்சு, அவளுக்கு வேலை போச்சு, நாப்பது பேருக்குப் போச்சு. இவ்வளவு சின்ன விஷயத்துக்கா இதெல்லாம்னு ஆயிடுச்சு. வெக்கமா இருந்துச்சு. நாளாக நாளாகச் சொல்லவே முடியல."

உன்னிடம் அவளே சொல்லட்டும் என்றேன். "நீ எழுது. அவ மூஞ்சியைப் பாத்து எனக்குச் சொல்ல வராது" என்றாள். எழுதிவிட்டேன்.

தம்பி


மார்ச் 17

தம்பிக்கு,

ஆபீசில் சாப்பாட்டு நேரத்தில் படித்தேன். டப்பாவை மூடி வைத்துவிட்டு அரை நாள் லீவு சொல்லிவிட்டு நடந்தே வீட்டுக்கு வந்தேன். வழியெல்லாம் கோபம். உன் மேல், அவள் மேல், எல்லாவற்றையும்விட என் மேல். ஒரு கேள்வி, தம்பி. 'ஏம்மா பேசலே?' இரண்டு வார்த்தை. அதைக் கேட்காமல் பதினோரு வருஷம் ஈரக் கையால் தொடாதே என்று எழுதிக்கொண்டிருந்திருக்கிறேன்.

அம்மா கட்டிலில் துணி மடித்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் மணியைப் பார்த்தாள்.

"நிழல் தெரியுமாமே" என்றேன்.

"தெரியும்."

"பதினோரு வருஷம்மா."

"நீயும் கேக்கல."

"நான் பயந்துட்டேன்."

"நானும்தான்."

அப்புறம் கத்தினேன். என்ன கத்தினேன் என்று எனக்கே நினைவில்லை. என் வாழ்க்கை, உன் வாழ்க்கை, அந்த நாற்பது பேர், எல்லாம் சொல்லிக் கத்தினேன். அவள் தலையணை உறைகளை மடித்து அடுக்கிக்கொண்டே இருந்தாள். நான் மூச்சு வாங்க நிறுத்தியதும் சொன்னாள்: "முடிச்சுட்டியா? அப்போ இந்தப் போர்வையோட அந்த முனையைப் பிடி. ஒத்தையா மடிக்க வரல."

பிடித்தேன். வேறென்ன செய்ய? இரண்டு பேருமாக நாலு போர்வை மடித்தோம். இரண்டு மடித்தாலே போதும், மற்ற இரண்டும் ஏற்கெனவே மடித்து வைத்தவைதான். அவற்றையும் பிரித்து மடித்தோம்.

அன்றைக்கு ஒன்று உறைத்தது. நம் வீட்டில் ஒரே ஓர் எழுத்தாளர்தான் இருந்திருக்கிறார், அது நான் இல்லை. திருடினேன் என்று இத்தனை நாள் புழுங்கினேனே, திருடக்கூட இல்லை. அவள் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டு போயிருக்கிறேன். அது எனக்கு நிம்மதியா அவமானமா என்று இன்னும் தெரியவில்லை. தினம் ஒரு மாதிரி இருக்கிறது.

அறுபத்தோராம் காட்சியை எழுதி வைத்திருக்கிறேன். ஒன்பது தடவை எழுதிக் கிழித்தேன், கை கையேட்டுக்குப் பழகிப்போய்விட்டது. அம்மாவை எதிரில் உட்கார வைத்துத்தான் எழுதினேன். சமையலறைக்குள், கதவுக்கு இந்தப் பக்கம். எட்டு இடத்தில் திருத்தினாள். "நான் அப்படிப் பேச மாட்டேன், அது டிவி அம்மா பேசறது" என்றாள். வசனத்தில் கை வைத்தாயோ, தொலைத்துவிடுவேன்.

பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டேன். ஆனால் படத்தில் வசனம் என்று அம்மாவின் முழுப் பெயர் வர வேண்டும். கூட்டத்தோடு கூட்டமாக இல்லை, தனியாக. என் பெயர் அதற்குக் கீழே வேண்டுமானால் வரட்டும், வராவிட்டாலும் சரி.

அக்கா


ஜூலை 3

அக்கா,

அறுபத்தொன்றை எடுத்து முடித்த அன்று அந்த நடிகை அழுவதற்குக் கிளிசரின் கேட்கவில்லை என்று முன்பே எழுதினேன். இப்போது வேறு ரகளை.

டைட்டிலில் அம்மா பெயர் தனியாக வர வேண்டும் என்றதும் தயாரிப்பாளர் சிரித்தார். "யாருப்பா இந்தம்மா? எழுத்தாளர் சங்கத்துல மெம்பரா? இதுக்கு முன்னாடி என்ன எழுதியிருக்காங்க?" ஊரே மனப்பாடமாகச் சொல்கிற வசனத்தை எழுதியவர் என்றேன். அதற்கு அத்தாட்சி கேட்டார். கதவுக்குக் கீழே விழுந்த நிழலை நான் எங்கே போய்க் கொண்டுவருவேன்?

மூன்று வாரம் இழுத்தது. இருக்கிற நேரத்தில் இனி ஒரு பெயர்கூட நுழைக்க முடியாது, யாருடையதையாவது எடுத்தால்தான் உண்டு என்று எடிட்டர் கையை விரித்தார். கதை, திரைக்கதை என்று எனக்குத் தனியாக இருந்ததை எடுத்துவிடச் சொன்னேன். கடைசியில் டைரக்டர் என்று ஒரு தடவை வந்தால் போதும். உன் பெயரும் இருக்கிறது, அம்மா பெயருக்குக் கீழே. தயவுசெய்து இதற்கு மேல் எதையும் கேட்காதே, என்னிடம் கொடுப்பதற்கு ஒன்றும் பாக்கி இல்லை.

தம்பி


செப்டம்பர் 18

தம்பிக்கு,

நேற்று படம் பார்த்தோம். மதியக் காட்சி. அம்மா காலையிலிருந்தே தயார். கண்ணாடியை நாலு தடவை துடைத்தாள். எதிர்வீட்டு அம்மாவையும் கூட்டிக்கொண்டு போனோம், முழங்கால் வலி என்றவரை இழுத்துக்கொண்டுதான் போனாள்.

பெயர்கள் ஓட ஆரம்பித்தன. அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தாள். ஒவ்வொரு பெயராக உதட்டுக்குள் படித்துக்கொண்டே வந்தாள். சரியாக அந்த நேரம் பார்த்து முன் வரிசையில் ஒரு பருத்த மனிதர் எழுந்து நின்று தன் இருக்கை எண்ணைத் தேடினார். "உக்காருங்க!" என்று நான் கத்தினேன். அவர் திரும்பி, "எங்கம்மா உக்கார்றது, அதைத்தானே தேடறேன்" என்றார். அவர் உட்கார்ந்தபோது திரையில் ஒப்பனைக்காரர் பெயர் ஓடிக்கொண்டிருந்தது.

"வந்துச்சா?" என்றாள் அம்மா.

"வந்துச்சும்மா."

"எப்போ?"

"இப்பத்தான்."

"அந்தாளு நின்னாரே, அப்பவா?"

அதற்குப் பிறகு ஒரு மணி நேரம் அவள் சிரிக்கவே இல்லை. தியேட்டர் முழுக்கச் சிரித்தது, எதிர்வீட்டு அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார், அம்மா அந்த மனிதரின் பிடரியையே பார்த்துக்கொண்டிருந்தாள். அறுபத்தோராம் காட்சி வந்தது. யாரும் இருமக்கூட இல்லை. நன்றாக எடுத்திருக்கிறாய், அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். அந்தத் துணியைக் குழாய்க்கு அடியில் போடுகிற இடம் அப்படியே நம் சமையலறை. பின்னால் இருந்த ஒருவர் தன் மனைவியிடம், "அந்தம்மா முன்னாடியே வாயைத் திறந்து சொல்லித் தொலைச்சிருக்கலாம்" என்றார். அம்மா திரும்பி அவரைப் பார்த்து, "சொல்லியிருக்கலாம்தான்" என்றாள். அவருக்கு ஒன்றும் புரியவில்லை.

படம் முடிந்து வெளியே வந்ததும் அடுத்த காட்சிக்கு வரிசையில் போய் நின்றுவிட்டாள். எதிர்வீட்டு அம்மாவை வண்டி ஏற்றிவிட்டு வந்து நானும் நின்றேன். இந்தத் தடவை முதல் வரிசை, தலையை அண்ணாந்துகொண்டு. பெயர் வந்தது. முன்னால் யாரும் இல்லை. அம்மா அதை எழுத்து எழுத்தாக, வாய்விட்டுப் படித்தாள். படித்து முடிக்கவும் அது மறையவும் சரியாக இருந்தது. என் பெயரையும் உன் பெயரையும் அவள் பார்த்தாளா என்று தெரியவில்லை. பையை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டாள்.

"படம்?" என்றேன்.

"அதான் பாத்தாச்சே."

நடுவில் எழுந்து போகிற எங்களை இப்போது எல்லோரும் உட்காரச் சொல்லிக் கத்தினார்கள்.

அடுத்த முறை நான் ஆபீசில் இருக்கிற நாளாகப் பார்க்காமல், வீட்டில் இருக்கிற நாளாகப் பார்த்து வா. அதை எழுதத்தான் உட்கார்ந்தேன். ஆனால் பஸ்ஸில் வரும்போது அம்மா ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே ஒன்று சொன்னாள், அதை முதலில் உனக்கு எழுதச் சொல்லி இப்போதும் பக்கத்தில் நின்றுகொண்டிருக்கிறாள்.

"எழுத்து ரொம்பச் சின்னதா இருக்கு. அவன்கிட்ட சொல்லு."

சொல்லிவிட்டேன்.

அக்கா